சாகாவரம் வாங்கியவர்களும் கூத்தில் செத்தவர்களும்

வாசகர் கருத்து, பெப்ரவரி 9

“தமிழில் சாவு என்றால் ஒன்று ஒப்பாரி, இல்லையென்றால் பட்டினத்தார். சாகாமலே இருந்தால் மனிதனுக்கு என்ன ஆகும் என்று வெள்ளைக்காரன்தான் யோசித்துக் கதை எழுதியிருக்கிறான். நம் ஆட்கள் பாற்கடலைக் கடைந்து அமிர்தத்தைத் தேவர்களிடம் கொடுத்துவிட்டுக் கைகட்டி நின்றார்கள். மறுப்பவர்கள் வரலாம்.”

பெப்ரவரி 9, இரவு

வந்துவிட்டேன். அசுவத்தாமனை எங்கே விட்டீர்கள்? தூங்கிக்கிடந்த பிள்ளைகளை வெட்டினவனுக்குக் கண்ணன் மரண தண்டனை கொடுக்கவில்லை. நெற்றிமணி பறிபோக, இரத்தமும் சீழும் நாற, பேச்சுத்துணைக்கு ஒரு மனிதரும் இல்லாமல் மூவாயிரம் ஆண்டு அலை என்று விட்டார். சிரஞ்சீவிகள் பட்டியலில் அனுமனோடு இவனும் இருக்கிறான். சாகாமையைச் சாபமாகக் கொடுக்கலாம் என்று கண்டுபிடித்தவர்களைப் பார்த்து யோசிக்கவில்லை என்கிறீர்கள்.

விபீடணனும் அதே பட்டியல்தான். அண்ணன் செத்து, குடி முழுகி, அவர் மட்டும் இன்னும் இருக்கிறார். களனியில் சிங்களச் சனம் கும்பிடுகிறது. எங்கட மட்டக்களப்புப் பக்கத்துக் கூத்தில் அவர் களரிக்கு வந்தால் கிழவிகள் உதட்டைச் சுழிப்பார்கள்.

பெப்ரவரி 10

வெள்ளைக்காரன் கதை என்று நீங்கள் நினைத்தது கலிவர் என்றால், அதுவும் என் பக்கத்துச் சாட்சிதான். 1726இல் வந்த புத்தகம். அதில் ஒரு நாட்டில் எப்போதாவது ஒரு பிள்ளை இடது புருவத்துக்கு மேலே சிவப்புப் புள்ளியோடு பிறக்கும். அது சாகாது. ஆனால் கிழடாகிக்கொண்டே போகும். எண்பது வயதானால் சட்டப்படி செத்தவர் கணக்கு, சொத்தெல்லாம் பிள்ளைகளுக்கு. இருநூறு வருடத்தில் ஊர்ப் பேச்சே மாறிவிடுவதால் சொந்த ஊரில் அந்நியன்.

மட்டக்களப்பில் அதற்கு எண்பது வரை காத்திருக்கத் தேவையில்லை. மூத்த மகளின் கலியாணத்தோடு வீடு வளவு சீதனமாகப் போய்விடும்.

பெப்ரவரி 13

இதைத்தான் முதலில் எழுதியிருக்க வேண்டும், அன்று நித்திரை வந்துவிட்டது.

அதியமான் ஔவைக்கு நெல்லிக்கனி கொடுத்த கதையைப் பள்ளிக்கூடத்தில் வள்ளல்தனத்துக்கு உதாரணமாகப் படித்துவிட்டுப் புத்தகத்தை மூடிவிட்டோம். புறநானூற்றில் அது முடியவில்லை. மூன்று பாட்டுகளைப் பக்கத்தில் வைத்துப் படியுங்கள்: 91, 232, 235.

91இல் அவள் சொல்வது இதுதான். பெரிய மலைப்பிளவில் ஏறமுடியாத இடத்தில் பறித்த கனி. அதைத் தின்றால் என்ன கிடைக்கும் என்பதைத் தன் மனதுக்குள் அடக்கிக்கொண்டு, ‘சாதல் நீங்க எமக்கு ஈத்தனையே’. சொல்லாமல் கொடுத்திருக்கிறான். சொல்லியிருந்தால் அவள் வாங்கியிருக்க மாட்டாள் என்பது அவனுக்குத் தெரியும். அவள் பதிலுக்கு என்ன வாழ்த்துகிறாள்? நஞ்சுண்டும் சாகாத நீலமிடற்றோனைப் போல நீ நிலைத்திரு என்று.

நிலைக்கவில்லை. மார்பில் வேல் பாய்ந்து விழுந்தான். 235 அந்த வேலைப் பற்றியது. அவன் மார்பைத் துளைத்த வேல் அங்கே நிற்கவில்லையாம். பாணருடைய பிச்சைப் பாத்திரத்தைத் துளைத்து, இரப்பவர் கையைத் துளைத்து, அவனை நம்பியிருந்தவர்களின் கண்ணை மங்கவைத்து, கடைசியில் புலவர் நாவில் போய் விழுந்ததாம். ஒரே வேல். இதற்கு மேல் ஒருவன் சாவை எப்படிக் காட்டுவது?

இனி 232. நடுகல்லுக்கு மயில்பீலி சூட்டி, சின்னக் கலத்தில் கள் வார்க்கிறார்கள். நாட்டையே கொடுத்தாலும் வாங்காதவன் இந்தக் கள்ளையா வாங்கப்போகிறான் என்று கேட்கிறாள். எல்லோரும் இந்த இடத்தைத்தான் மேற்கோள் காட்டுவார்கள். நான் நிற்பது அதற்கு முந்திய அடியில்: ‘இல்லாகியரோ காலை மாலை, அல்லாகியர் யான் வாழும் நாளே.’ காலையும் மாலையும் இல்லாமல் போகட்டும், நான் உயிரோடிருக்கும் நாள் நாளாகவே இருக்க வேண்டாம். சொல்கிறவள் யார்? நெல்லிக்கனி தின்றவள். சாதல் நீங்கினவள்.

சாகாமல் இருந்தால் என்ன ஆகும் என்று கேட்டீர்கள். இதுதான் ஆகும். கொடுத்தவன் போய்விடுவான், நீங்கள் இருப்பீர்கள்.

பெப்ரவரி 14

களுவாஞ்சிக்குடித் தம்பி எழுதியிருக்கிறார், அதியமான் கெட்டிக்காரன், தான் தின்றால் ஒரு அரசன் மிஞ்சுவான், புலவர் தின்றால் பாட்டு மிஞ்சும் என்று கணக்குப் போட்டுத்தான் கொடுத்தான் என்று. கணக்கு பலித்திருக்கிறது, மறுக்கமுடியாது. ஆனால் கணக்குப் போட்டவன் பலனைச் சொல்லித்தானே கொடுப்பான் தம்பி? கடன் கொடுத்தவன் துண்டில் எழுதிவைக்காமல் விடுவானா?

பெப்ரவரி 21

சின்னக் கலத்துக் கள் என்றதும் ஞாபகம் வந்தது. தாய்மாமன் ஒருவர் செத்த எட்டாம் நாள் படையல். வாழையிலையில் அவருக்குப் பிடித்த கணவாய்க் கறி, முறுக்கு, வெற்றிலை, பீடி, நடுவில் அரைப் போத்தல் சாராயம். கதவைச் சாத்திவிட்டு எல்லோரும் விறாந்தையில் இருந்தோம். திறந்து பார்த்தால் போத்தலில் இரண்டு விரல் குறைந்திருந்தது. மாமிக்கு அழுகை பொங்கிவிட்டது, வந்து குடித்துவிட்டாரே மனிசன் என்று. பின்கதவால் போய்வந்த மச்சானின் வாயை நான் மணந்தேன். இன்றுவரை வாய் திறக்கவில்லை.

‘கொள்வன்கொல்லோ’, வாங்குவானா என்று கேட்ட ஔவைக்கு மச்சானிடம் பதில் இருந்திருக்கும்.

மார்ச் 8

வெள்ளாமை வெட்டு முடிந்து, வாவிக்கு மேற்கே படுவான்கரைப் பக்கம் கூத்து தொடங்கிவிட்டது. நேற்றிரவு ‘அபிமன்யு’ பார்த்துவிட்டு விடிய வந்து படுத்தவன், இப்போதுதான் எழும்பி எழுதுகிறேன்.

தெரியாதவர்களுக்கு: எங்கட பக்கத்தில் வடமோடி, தென்மோடி என்று இரண்டு. வடமோடி பெரும்பாலும் பாரதம், இராமாயணம், போர், சாவு. தென்மோடியில் காதல், பிரிவு, பிறகு கூடிவிடுவார்கள். ஆகவே சாவைப் பார்க்க ஆசைப்பட்டால் வடமோடிக்குப் போக வேண்டும், அதுவும் விடியப்புறம் மட்டும் கண்விழிக்க வேண்டும். வட்டக்களரியில் யாரும் முன்னிரவில் சாவதில்லை.

அபிமன்யுவுக்கு ஆடினவன் பகலில் ஓட்டோ ஓட்டுகிறவன். சக்கரவியூகத்துக்குள் போய், வெளியே வரும் வழி தெரியாமல் களரியைச் சுற்றிச்சுற்றி ஆடுகிறான். ஒவ்வொரு சுற்றிலும் ஆட்டம் குறுகுகிறது. மத்தளம் மட்டும் குறையவில்லை. கூத்துப் பழக்கின அண்ணாவியார் அவனைத் துரத்துவதுபோல அடிக்கிறார். கால் சதங்கை மத்தளத்தை எட்டிப்பிடிக்க முடியாமல் அரைத்தாளம் பிந்தத் தொடங்கியது. பக்கத்தில் இருந்த கிழவர், “பிந்துறான் பாருங்க, இனிச் சரி” என்றார். களைப்பில் பிந்தினானா, பிந்தச் சொல்லிக் கொடுத்திருந்தார்களா, தெரியாது. எனக்கு அதுதான் மரணம். வாள் படுவதற்கு முன்பே கால் போய்விட்டது.

விழுந்ததும் வேறு பிரச்சினை. அவன் போட்டிருந்த கூத்து உடுப்பான கரப்புடுப்பில் வளையம் இருக்கிறது, மல்லாக்க விழுந்தால் குடை கவிழ்ந்த மாதிரித் தூக்கிக்கொண்டு நிற்கும். ஆகவே பக்கவாட்டில் முழங்காலை மடித்துச் சரிந்தான். வெள்ளைச் சீலை போட்டு மூடினார்கள். சுபத்திரை வந்தாள், மீசையை வழித்த ஆண்தான். பொய்ச் சாவுக்குப் பொய்த் தாய் பாடின ஒப்பாரிக்கு முன்வரிசைப் பெண்கள் சீலைத் தலைப்பால் மூக்கைத் துடைத்தார்கள். மெய்யான கண்ணீர்.

மறுகா சீலையை எடுத்தார்கள், அவன் எழும்பினான், எல்லோருக்கும் முன்னால் களரியை விட்டு நடந்து போனான். திரை இல்லை, விளக்கை அணைக்கவில்லை. ஓரத்தில் இருந்த ஒரு ஆச்சி, “வாடா மனே, தேத்தண்ணி குடி” என்றாள். அவள் கண் இன்னும் ஈரம். கடைசியில் வாழி பாடும்போது கொன்றவனும் செத்தவனும் ஒரே வரிசையில் நின்றார்கள்.

மார்ச் 9

கொழும்பில் நாடகம் போடும் ஒருவர் எழுதியிருக்கிறார், செத்தவன் எழும்பி நடப்பது உணர்வைக் கெடுத்துவிடுமே, விளக்கை அணைக்க ஒரு மெயின் சுவிட்ச் போதுமே என்று. ஐயா, அந்த ஆச்சியிடம் போய்க் கேளுங்கள், எது கெட்டது என்று.

சிலப்பதிகாரத்தில் வெட்டுண்டு கிடக்கும் கோவலன் என்ன செய்கிறான்? எழும்பி நிற்கிறான். முழுமதி போன்ற உன் முகம் கன்றிவிட்டதே என்று சொல்லி, கையால் அவள் கண்ணீரைத் துடைக்கிறான். இங்கேயே இரு என்றுவிட்டுப் போய்விடுகிறான். உயிரோடிருந்த காலம் முழுக்க அவளுக்குச் செய்யாத ஒன்றைச் செத்த பிறகு எழும்பி வந்து செய்கிறான். இளங்கோவுக்கும் மெயின் சுவிட்ச் தேவைப்படவில்லை.

மார்ச் 17

இராவணன் சாவைக் கேட்டிருந்தீர்கள். பேராதனையில் பேராசிரியர் வித்தியானந்தன் 1960களில் மேடைக்குக் கொண்டுபோன ‘இராவணேசன்’ எங்கட வடமோடியில் கட்டினது, ஆடினவர் எங்கட மௌனகுரு. அதைப் பற்றி நிறைய எழுதிவிட்டார்கள். நான் கம்பனோடு நிற்கிறேன்.

முக்கோடி வாழ்நாள் வரம் வாங்கினவன். விழுந்து கிடக்கிறான். பிணத்தின் முகம் எப்படி இருக்க வேண்டும்? கம்பன் சொல்கிறான், சினம் அடங்கி, மனம் அடங்கி, முனிவர்களையே தலைசாய்க்க வைத்த நாளில் இருந்ததைவிட முகங்கள் ‘மும்மடங்கு பொலிந்தன’. உயிர் இருந்தபோது இல்லாத அழகு போனபிறகு வருகிறது. செத்த வீட்டில் பெட்டிக்குள் எட்டிப்பார்த்தவர்களுக்குத் தெரியும், ஆயுள் முழுக்கச் சள்ளு விழுந்துகொண்டிருந்த மனிதரின் முகம் ஒரு நாளைக்குச் சாந்தமாகக் கிடக்கும். கம்பனும் எங்கோ எட்டிப் பார்த்திருக்கிறான்.

மார்ச் 30

கடந்த இரண்டு கிழமையாக ஒரு விஷயம் உறுத்துகிறது. நான் இதுவரை எழுதினவை எல்லாம் அரசர், அரசகுமாரர், பத்துத் தலைக்காரர். புகழால் சாகாமல் இருப்பது என்ற தமிழனின் பெரிய கண்டுபிடிப்பு வசதி உள்ளவனுக்குத்தான். ‘மன்னா உலகத்து மன்னுதல் குறித்தோர் தம்புகழ் நிறீஇத் தாம்மாய்ந்தனரே’ என்பது நல்ல பாட்டு. அந்தப் பாட்டுக்குப் பரிசு கொடுக்க வழியில்லாதவன் வெறுமனே மாய்ந்தனன்.

அதற்கு எங்கட ஆட்கள் ஒரு வழி பண்ணியிருக்கிறார்கள், அதை இலக்கியம் என்று யாரும் கணக்கெடுப்பதில்லை. முப்பத்தோராம் நாள் கல்வெட்டு. சின்னப் புத்தகம், அட்டையில் படம், உள்ளே தேவாரம், திதி வெண்பா, அதன் பிறகு புலம்பல்: மனைவி புலம்பல், மக்கள் புலம்பல், மருமக்கள் புலம்பல், பேரப்பிள்ளைகள் புலம்பல். எல்லோருடைய புலம்பலையும் எழுதுவது ஒரே ஆள், ஊர்ப் புலவர். இரண்டு வயதுப் பேரன் எதுகை மோனையோடு அழுவான்.

எங்கட சொந்தத்தில் ஒருவருக்கு அச்சடித்ததைப் பார்த்தால், போன வருடம் வேறொருவருக்கு வந்த அதே பாட்டு, பேரும் ஊரும் மட்டும் மாறியிருந்தது. ‘கள்ளுக் குடியறியாக் கண்ணியனே’ என்று ஒரு வரி. குடும்பத்தார் சிரிப்பை அடக்கப் பட்ட பாடு.

சிரித்தாலும் சொல்கிறேன், மீன்பிடிகாரனுக்கும் கட்டாடிக்கும் பீயோனுக்கும் வெண்பா கிடைத்தது இந்தப் புத்தகத்தில்தான். அதியமானுக்குக் கிடைத்த அதே யாப்பு இல்லைதான், ஆனால் கிடைத்தது.

ஏப்ரல் 2

சாய்ந்தமருது நானா ஒருவர் என் வாதத்தில் ஓட்டை போட்டிருக்கிறார். நல்ல ஓட்டை. சாகாமை சாபம் என்று சொல்லிக்கொண்டே போகிறீர்கள், எங்கட ஹிழ்ர் நபியை எங்கே வைப்பீர்கள் என்கிறார்.

கதை இது. குடித்தால் சாவில்லாத ஹயாத்துத் தண்ணியைத் தேடி இருட்டு நாட்டுக்குள் அரசர் துல்கர்னைனும் போகிறார், ஹிழ்ரும் போகிறார். அரசர் வழிதவறுகிறார், ஹிழ்ர் குடித்துவிடுகிறார். பாரசீகச் சித்திரங்களில் அந்த ஊற்றடியை வரைந்திருப்பார்கள். தண்ணி பட்டதும் உப்பிட்ட மீன் உயிர்பெற்று நீந்தும், அதை வைத்துத்தான் இதுதான் ஊற்று என்று கண்டுபிடிப்பது. கருவாடு உயிர்த்த இடம் என்று கல்முனையில் யாருக்கும் விளங்கப்படுத்தத் தேவையில்லை.

நானா சொல்வது, குடித்தவர் அழுதுகொண்டு திரியவில்லை. வழிதெரியாதவனுக்கு வழிகாட்டுவது அவர் வேலை. கதிர்காமத்தில் அவர் பேரில் பள்ளிவாசல் இருக்கிறது. உகந்தையால் குமணக் காட்டுக்குள் இறங்கிக் கதிர்காமத்துக்கு நடக்கிற எங்கட ஆட்கள், வழிமாறி நின்றபோது ஒரு கிழவர் வந்து பாதை காட்டினார், திரும்பிப் பார்த்தால் ஆளில்லை என்று சொல்வதுண்டு. சைவர்கள் முருகன் என்பார்கள். நானா யாரென்று சொல்வார் என்று எழுதத் தேவையில்லை.

யோசித்துக்கொண்டிருக்கிறேன். அசுவத்தாமனுக்குப் பேச ஆளில்லை, ஔவைக்கு ஆள் போய்விட்டது. ஹிழ்ருக்கு ஒவ்வொரு முறையும் வழியில் புது ஆள். நித்தியமாக இருப்பதில் குற்றம் இல்லை, வேலையில்லாமல் இருப்பதில்தான் என்று மாற்றிச் சொல்ல வேண்டுமோ?

ஏப்ரல் 3

அதற்காக ஓய்வூதியம் எடுத்தவர்களை நான் திட்டுகிறேன் என்று எடுக்க வேண்டாம், மூன்று பேர் கோபித்து எழுதிவிட்டார்கள்.

ஏப்ரல் 20

சித்திரை லீவுக்குப் பிள்ளைகளோடு ரெயிலில் பொலன்னறுவை போனோம். கல்விகாரையில் 12ஆம் நூற்றாண்டில் பாறையில் வெட்டின சாய்ந்த புத்தர். நாற்பத்தாறு அடி. சின்னவள் கேட்டாள், “அப்பா, நித்திரையா, செத்துட்டாரா?”

காலைப் பார் என்றேன். இரண்டு பாதமும் ஒன்றின்மேல் ஒன்று சரியாகப் பொருந்தி இருந்தால் நித்திரை, மேல் கால் கொஞ்சம் பின்வாங்கி இருந்தால் பரிநிர்வாணம் என்று சொல்வார்கள். இங்கே பின்வாங்கித்தான் இருக்கிறது, அதுவும் கொஞ்சம். அவள் என்னைவிடக் கூர்மை, தலைமாட்டுக்கு ஓடினாள். தலை வைத்த இடத்தில் தலையணை அமுங்கியிருக்கிறது. கருங்கல் தலையணை! பாரம் இருக்கிறது, ஆள் இல்லை. சிற்பி இந்த இரண்டு இடத்திலும்தான் சாவைச் செதுக்கியிருக்கிறான், முகத்தில் தொடவே இல்லை.

உறங்குவது போலும் சாக்காடு என்று வள்ளுவர் சொன்னார். பழைய பாபிலோனியரின் கில்கமேஷ் கதையில் சாகாவரம் கேட்டு வந்த வீரனுக்கு வைக்கும் பரீட்சையும் நித்திரைதான், ஏழு இரவு தூங்காமல் இரு பார்ப்போம் என்பது. இருந்த உடனே தூங்கிவிடுவான். எழும்பியபின் இல்லை என்று சாதிப்பான் என்பதால் நாளுக்கொரு ரொட்டி சுட்டுத் தலைமாட்டில் வைப்பார்கள், முதல் ரொட்டி காய்ந்து கல்லாகிக் கிடக்கும். நித்திரையை வெல்ல முடியாதவனுக்குச் சாவை வெல்ல ஆசை.

மே 4

“காலா, உனைநான் சிறுபுல்லென மதிக்கிறேன்” பற்றிக் கேட்டவருக்குச் சுருக்கமாக: பாரதி 1921இல் ஈரோட்டுக் கருங்கல்பாளையத்தில் ‘மனிதனுக்கு மரணமில்லை’ என்று பேசினார். சில வாரங்களில், செப்டெம்பரில், 38 வயதில் இறந்தார். இதைச் சொல்லிச் சிரிப்பவர்கள் இருக்கிறார்கள். நான் சிரிப்பதில்லை, ஆனால் அந்தப் பாட்டைவிட எனக்குப் பிடித்தது புதுமைப்பித்தனின் ‘காலனும் கிழவியும்’. எமனிடம் கிழவி வாதாடுவது உயிருக்காக இல்லை. எடுத்துக்கொண்டு போ, ஆனால் ஒன்றை அடியோடு இல்லாமல் ஆக்க உன்னால் முடியுமா என்று கேட்கிறாள். காலனிடம் பதில் இல்லை.

மே 12

இவ்வளவு நாளாக இந்த இழையில் யாரும் சுனாமியைத் தொடவில்லை, நானும் தொடவில்லை. தொடாமல் விட்டதை இன்று ஒருவர் கேட்டுவிட்டார்.

2004 டிசம்பர் 26. இலங்கையில் ஆகக் கூடுதலான உயிர் போன மாவட்டம் அம்பாறை. எங்கட பக்கத்தில் கல்லடி, நாவலடி. ஆள் போனது ஒன்று. அவர்களுடைய படங்களும் போனது இன்னொன்று. சுவரில் மாலை போட்டுச் சின்ன பல்ப் எரியவிட ஒரு படம் வேண்டுமே. கலியாண வீட்டு அல்பங்களைத் தேடி உறவினர் வீடுகளுக்கு அலைந்தார்கள். பந்தியில் இலைக்கு முன்னால் குனிந்திருந்த ஒருவரின் முகத்தை மட்டும் வெட்டிப் பெரிதாக்கி மாட்டின வீடு எனக்குத் தெரியும். வாயில் சோறு இருக்கிறது. அந்த வீட்டில் யாருக்கும் அது குறையாகப்படவில்லை.

புறநானூற்றில் 182ஆம் பாட்டு. ‘உண்டால் அம்ம இவ்வுலகம்’ என்று தொடங்கும். இந்திரர் அமிழ்தமே கிடைத்தாலும் தனியாக உண்ணாதவர்கள் இருப்பதால்தான் உலகம் இருக்கிறது என்பது. சாகாமருந்தைப் பற்றி இதைவிடத் துணிச்சலாகச் சொன்னவர்கள் எனக்குத் தெரிந்து இல்லை. பாடினவர் பேர்: கடலுள் மாய்ந்த இளம்பெருவழுதி. அவருக்கு யாரோ பின்னால் வந்தவர் போட்ட அடை அது. கடல் கொண்டுபோனவர்களைக் கல்லடியில் நாங்கள் குறிப்பிடுவதும் அப்படித்தான், சுனாமியில் போன இன்னார்.

அமிழ்தத்தைத் தனியாக உண்ண மாட்டோம் என்றவனும் தனியாகத்தான் கடலுக்குள் போனானா, ஆட்களோடு போனானா என்று பாட்டில் இல்லை.

மே 13

நானா எழுதியிருக்கிறார்: அன்றைக்கு எங்கட பள்ளியில் யார் எவர் என்று பார்க்காமல்தான் அடக்கினோம், தனித்தனியாகத் தொழுவிக்க நேரம் இருக்கவில்லை. அவ்வளவுதான் எழுதியிருக்கிறார். இதற்குக் கீழே யாரும் தத்துவம் எழுத வேண்டாம் என்று கேட்டுக்கொள்கிறேன்.

ஜூன் 1

வைகாசி, கண்ணகை அம்மன் கோவில்களில் அம்மனைக் குளிரவைக்கும் குளிர்த்திச் சடங்கு நடக்கிறது. வேலை கூடிவிட்டது, அடிக்கடி வர முடியவில்லை.

முதலில் சவால் விட்ட வாசகர் இப்போது தனிமடலில் வந்திருக்கிறார். சண்டை முடிந்ததா என்றால் இல்லை, கலிவர்தான் இன்னும் உசத்தி என்கிறார். இருக்கட்டும். ஆனால் அவர் வீட்டில் அப்பா சேர்த்துவைத்த கல்வெட்டுகள் ஒரு தகரப் பெட்டி நிறையக் கிடக்கிறதாம். செத்த வீட்டுப் புத்தகம் வீட்டுக்குள் வைத்திருக்கக் கூடாது என்று மனைவி சொல்கிறாராம். கறையான் வேறு. வளவுக்குள் எரித்துவிடவா என்று கேட்கிறார்.

எரிக்க வேண்டாம். நூலகம் வலைத்தளத்தில் இப்படியான நினைவு மலர்களை ஸ்கேன் பண்ணிப் போட்டிருக்கிறார்கள், அவர்களிடம் கொடுக்கலாம். அதற்கு முதல் வெயிலில் காயப்போட்டு, ஒட்டிக்கொண்ட தாள்களைக் கிழிக்காமல் பிரிக்க வேண்டும், பின் துருப்பிடித்திருந்தால் கழற்றிவிட வேண்டும். சனிக்கிழமை ஏறாவூர்ப் பக்கம் வருகிறேன், பெட்டியை விறாந்தையில் எடுத்து வையுங்கள். மனைவிக்குப் பயமென்றால் எங்கட வீட்டுக்குக் கொண்டுபோகிறேன், இங்கே ஏற்கெனவே ஒரு பெட்டி இருக்கிறது.